வலையில் வந்த அடையாள அட்டை: தமிழ்ச் சங்கங்களுக்கும் கோயில் நிர்வாக சபைகளுக்கும் ஒரு திறந்த மடல்

ஐரோப்பாவில் இயங்கும் தமிழ்ச் சங்கங்கள், கோயில் நிர்வாக சபைகள், பழைய மாணவர் சங்கங்களின் பொறுப்பாளர்கள் எல்லோருக்கும் வணக்கம்.

போன மாதம் ஒரு சங்கக் கூட்டத்தில் நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறேன். எந்தச் சங்கம் என்று கேட்காதீர்கள். வாசிக்கிற பாதிப்பேருக்கு அது தங்கள் சங்கம் மாதிரியே இருக்கும். கணக்கறிக்கை வாசித்து முடிந்து, தேத்தண்ணீரும் வடையும் வந்து, "ஏனைய விடயங்கள்" என்று தலைவர் சொன்னபோது எழுந்து ஒன்று கேட்டேன். இந்த முறைத் திருவிழாவில் ஒரு நாள் அர்ச்சனைக் காசை, மத்தியதரைக் கடலில் அகதிகளை மீட்கிற கப்பல் ஒன்றுக்குக் கொடுக்கலாமா?

ஒருவர் சிரித்தார். "அண்ணை, அது ஏஜென்சிக்காரனுக்கு ஓடுற டாக்ஸியெல்லோ!" ஏஜென்சிக்காரன் என்றால் காசு வாங்கி ஆட்களைக் கள்ளமாக நாடு கடத்துகிறவன். இன்னொருவர், வயதில் என்னைவிட மூத்தவர், அமைதியாகச் சொன்னார்: "நாங்கள் வந்தது வேற, தம்பி. இவங்கள் வாறது வேற." செயலாளர் "பரிசீலிக்கப்படும்" என்று எழுதிக்கொண்டார். எங்கள் சங்கத்தில் அந்தச் சொல்லுக்கு என்ன பொருள் என்று எல்லோருக்கும் தெரியும்.

வீட்டுக்கு வந்த பிறகும் மனம் ஆறவில்லை. அதனால் எழுதுகிறேன்.

அந்த டாக்ஸி என்ற சொல்லை முதலில் எடுப்போம். அது எங்கள் வாயில் பிறந்த சொல் இல்லை. 2017 ஏப்ரலில், பின்னாளில் இத்தாலியின் துணைப் பிரதமரான லூயிஜி டி மாயோ, மீட்புக் கப்பல்களை மத்தியதரைக் கடலின் டாக்ஸிகள் என்றார். இத்தாலியத் தொலைக்காட்சி அதை ஒரு வருடம் மென்றது. எட்டு வருடத்துக்கு மேலாகியும் எங்கள் வடைத் தட்டுக்குப் பக்கத்தில் அது சூடு ஆறாமல் கிடக்கிறது. இத்தாலிய மொழி சரியாக வராத ஆள் வாயிலும் இந்த ஒரு சொல் மட்டும் சுத்தமாக வருகிறது.

சரி, நாங்கள் வந்தது எப்படி வேறு?

1986 ஆகஸ்ட் 11. கனடாவின் நியூஃபவுண்ட்லாந்துக் கடல். பனிமூட்டத்துக்குள் கூரை இல்லாத இரண்டு உயிர்காப்புப் படகுகள். அதற்குள் 155 தமிழர். மேற்கு ஜேர்மனியில் இருந்து ஏற்றிவந்த கப்பல்காரன் நடுக்கடலில் இறக்கிவிட்டுப் போய்விட்டான். மூன்று நாளாக மிதந்தார்கள். அவர்களைக் கண்டது கடற்படை இல்லை, மீன் பிடிக்கப் போன அட்லாண்டிக் ரீப்பர் என்ற படகு. அதன் தலைவர் கஸ் டால்டன், ஏற்றக்கூடிய அளவு ஆட்களை ஏற்றிக்கொண்டு, சுற்றிவர நின்ற மற்ற மீன்படகுகளையும் வானொலியில் கூப்பிட்டார். அன்றைய மீன்பாடு போனது போனதுதான்.

இந்தக் கதையை நாங்கள் சொல்லும்போது ஒரு பகுதியை விட்டுவிடுகிறோம். கரை இறங்கியவர்கள் உண்மை சொல்லவில்லை. இந்தியாவில் இருந்து வந்தோம் என்றார்கள். ஜேர்மனியில் இருந்து வந்தது சில நாளிலேயே வெளியே வந்தது. கனடாப் பத்திரிகைகள் கொதித்தன. ஏஜென்சிக்குக் காசு கொடுத்து வந்தவர்கள், பொய் சொன்னவர்கள், ஏற்கெனவே பாதுகாப்பான நாட்டில் இருந்தவர்கள், வரிசையைத் தாண்டியவர்கள் என்று எழுதின. இன்றைக்கு நாங்கள் மற்றவனைப் பார்த்துச் சொல்கிற வசனங்கள் எல்லாம் அன்றைக்கு எங்களைப் பார்த்துச் சொல்லப்பட்டவை. அப்போதைய பிரதமர் பிரையன் மல்ரோனி அதற்குப் பிறகும் அவர்களைத் திருப்பி அனுப்பவில்லை. 2016 இல், 30 வருடம் கழித்து, அந்தப் படகுகளில் வந்தவர்களில் சிலர் நியூஃபவுண்ட்லாந்து போய் டால்டனைக் கண்டு நன்றி சொன்னார்கள். அந்தப் படத்தை நீங்கள் எல்லோரும் வாட்ஸ்அப்பில் பகிர்ந்தீர்கள், நானும் பகிர்ந்தேன். டால்டனை ஒருவரும் டாக்ஸிக்காரன் என்று சொல்லவில்லை.

அது ஒரு மீனவர் கதை. நான் இருக்கும் இத்தாலியின் சிசிலித் தீவில் இன்னொரு மீனவர் கதை இருக்கிறது. அதை நாங்கள் பகிர்வதே இல்லை.

சிசிலியின் தென்கிழக்கு மூலையில் போர்ட்டோபாலோ என்று ஒரு சின்ன மீன்பிடி ஊர். 1996 டிசம்பர் 25 விடியாத இரவில், அதற்கு நேரே நடுக்கடலில், யோஹான் என்ற கப்பலில் இருந்து எஃப் 174 என்ற மரப்படகுக்கு ஆட்களை மாற்றினார்கள். 18 மீற்றர் நீளம், கனம் தாங்காத படகு, கடல் கொந்தளிப்பு. அது மூழ்கிப்போனது. குறைந்தது 283 பேர். இந்தியர், பாகிஸ்தானியர், இலங்கைத் தமிழர். தப்பியவர்களை யோஹான் கிரேக்கக் கரையில் இறக்கிவிட்டுப் போனது. அவர்கள் அங்கே பொலிசுக்குச் சொன்னார்கள், முந்நூறு பேர் செத்துப்போனார்கள் என்று. உடல் எங்கே, கப்பல் எங்கே என்று கேட்டது அரசாங்கம். காட்ட ஒன்றும் இல்லை. கதை அங்கேயே முடிந்தது.

ஆனால் உடல்கள் இருந்தன. போர்ட்டோபாலோ மீனவர்களின் வலையில் அடுத்தடுத்த வாரங்களில் வந்துகொண்டே இருந்தன. அவர்கள் அவற்றைத் திருப்பிக் கடலில் போட்டார்கள்.

முதன்முதலாக இதைக் கேட்டபோது அந்த ஊரின் மேலேயே எனக்கு ஆத்திரம் வந்தது. பிறகுதான் யோசித்தேன். ஒரு உடலைக் கரைக்குக் கொண்டுவந்தால் துறைமுக அலுவலகம், விசாரணை, வாக்குமூலம். படகைக் கட்டிப்போடுவார்கள். எத்தனை நாள் தொழில் போகுமோ தெரியாது. ஒருவன் கொண்டுவந்து பட்டதைப் பார்த்து மற்றவன் கொண்டுவராமல் விட்டான். அவர்கள் பிறவிக் கொடியவர்கள் இல்லை. எங்கள் யாழ்ப்பாணத்து மயிலிட்டியிலும் குருநகரிலும் இருக்கிற மாதிரி, கடன் வாங்கி டீசல் அடிக்கிற சனம்தான். இரக்கப்பட்டால் தொழில் போகும் என்று சட்டம் அவர்களுக்குப் பழக்கிவிட்டது.

நாலு வருடத்துக்கு மேல் ஊர் வாய் திறக்கவில்லை. கடைசியில் ஒரு மீனவர் திறந்தார். அவர் வலையில் ஒரு ஜீன்ஸ் வந்திருந்தது. அதன் பைக்குள் பிளாஸ்டிக் உறை போட்ட அடையாள அட்டை. இலங்கை அட்டை. பதினேழு வயதுத் தமிழ்ப் பெடியன். படத்தில் முகம் அழியாமல் இருந்தது. அந்த மனிதனுக்கு அதைக் கடலில் எறிய மனம் வரவில்லை. 2001 இல் லா ரெபுப்ளிக்கா பத்திரிகைக்குச் சொன்னார். அவர்கள் நீர்மூழ்கி இயந்திரம் இறக்கி, கரையில் இருந்து 19 மைல் தூரத்தில், 108 மீற்றர் ஆழத்தில், கப்பலையும் அதற்குள் கிடந்தவர்களையும் படம் பிடித்தார்கள். அரசாங்கம் இல்லை என்று சொன்ன கப்பல் அங்கே இருந்தது. சொன்ன மீனவரை ஊர் துரோகியாகப் பார்த்தது.

எங்களில் எல்லோரிடமும் இருந்த அட்டைதான் அது. பள்ளிக்கூடத்தில் படம் எடுத்து, கிராம சேவகரிடம் கையெழுத்து வாங்கி, செக்பொயின்ற்றில் நீட்டி நீட்டி ஓரம் தேய்ந்த அட்டை. என்னுடையது இப்போதும் அலுமாரிக்குள் இருக்கிறது. நான் வந்ததும் கடலால்தான், 1998 இல், துருக்கியில் ஏறித் தென் இத்தாலியின் கலாபிரியாவில் இறங்கினேன். ஏஜென்சி சொல்லித்தந்த பேரைத்தான் கரையில் சொன்னேன். அட்டையைச் சப்பாத்தின் அடிக்குள் வைத்திருந்தேன். எஃப் 174 இல் போனவர்களுக்கும் எனக்கும் வித்தியாசம் இரண்டு வருடமும் கொஞ்சம் நல்ல காலநிலையும்தான்.

இனி இன்றைய கடலுக்கு வருகிறேன்.

2013 அக்டோபர் 3 இல் இத்தாலியின் லம்பெடூசாத் தீவுக் கரைக்குக் கிட்டவே 368 பேர் செத்த பிறகு, இத்தாலிக் கடற்படை மாரே நோஸ்ட்ரும் என்ற மீட்பு நடவடிக்கையைத் தொடங்கியது. ஒரு வருடத்தில் ஏறத்தாழ ஒன்றரை இலட்சம் பேரை எடுத்தார்கள். மாதம் 90 இலட்சம் யூரோ செலவு, மற்ற நாடுகள் பங்கு போடவில்லை. 2014 அக்டோபருடன் நிறுத்திவிட்டார்கள். ஆட்கள் வருவது நிற்கவில்லை. அந்த வெற்றிடத்துக்குள்தான் சாதாரணச் சனத்தின் கப்பல்கள் வந்தன. சீ-வாட்ச், எஸ்ஓஎஸ் மெடிற்றெரானே, எல்லைகளற்ற மருத்துவர்கள் என்று ஒவ்வொன்றாக. பழைய மீன்பிடிக் கப்பல், பழைய ஆய்வுக் கப்பல், நன்கொடைக் காசில் டீசல். 2014 இல் இருந்து இன்றுவரை மத்தியதரைக் கடலில் செத்தும் காணாமலும் போனவர்கள் 30,000 க்கு மேல். இது ஐ.நா.வின் குடிபெயர்வு அமைப்பு எண்ணிய கணக்கு. எஃப் 174 மாதிரி ஒருவரும் எண்ணாதவை இதற்குள் இல்லை.

ஒரு நாள் நான் பார்த்ததைச் சொல்கிறேன். 2016 கோடை, சிசிலியின் தலைநகர் பலெர்மோவின் துறைமுகம். நான் வேலை செய்த வீட்டுச் சிஞோரா, அதாவது வீட்டுக்கார அம்மா, தேவாலயத்தில் உடுப்புச் சேர்த்தார். பெட்டி தூக்க ஆள் வேண்டும் என்று என்னைக் கூட்டிப் போனார். கப்பல் வந்து நின்றது. முதலில் இறங்கியவர்களில் சில பெண்களை இரண்டு பக்கமும் பிடித்துத்தான் இறக்கினார்கள். கடல் நோய் என்று நினைத்தேன். பக்கத்தில் நின்ற தாதி சொன்னாள், எரிகாயம் என்று. கடலில் எப்படி எரிகாயம்? ரப்பர்ப் படகில் ஆம்பிளையள் விளிம்பில் காலைத் தொங்கப்போட்டு இருப்பார்கள். பெண்களையும் பிள்ளைகளையும் பாதுகாப்பு என்று நடுவில் இருத்துவார்கள். கானில் இருந்து ஒழுகுகிற பெற்றோலும் உப்புத் தண்ணீரும் கலந்து நடுவில்தான் தேங்கும். அதற்குள் மணித்தியாலக் கணக்கில் இருந்தால் தோல் உரிந்து போகும், முதலில் தெரியவே தெரியாதாம். கப்பலில் ஏற்றியவுடன் நனைந்த உடுப்பைக் கழற்றி நல்ல தண்ணீரில் குளிக்க வைப்பது அதனால்தான்.

என் வேலை ரப்பர்ச் செருப்புக் கொடுப்பது. பெரும்பாலும் எல்லோரும் வெறுங்கால். ஒரு வங்காளப் பெடியன், மீசை இன்னும் சரியாக வராத முகம், செருப்பை வாங்கிப் போடாமல் கையில் வைத்துக்கொண்டு, கொடுத்த காற்சட்டையின் இடுப்பைத் தடவித் தடவிப் பார்த்தான். எனக்கு விளங்கிவிட்டது. பழைய காற்சட்டை இடுப்பில் தைத்து வைத்த தொலைபேசி இலக்கம் கழற்றின உடுப்போடு போய்விட்டது. எனக்கு அம்மா தைத்துத் தந்ததும் அதே இடத்தில்தான். பல்லாரோச் சந்தையில் கடை வைத்திருக்கிற வங்காளிக்குப் போன் அடித்து, அதை அவன் காதில் வைத்தேன். ஏதோ கதைத்தான். பிறகுதான் செருப்பைப் போட்டான். 2024 இல் இத்தாலிக்குக் கடலால் வந்தவர்களில் எண்ணிக்கையில் முதலிடம் பங்களாதேஷ்காரருக்குத்தான். அந்தச் செய்தியைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு அந்த இடுப்புத்தான் ஞாபகம் வரும்.

இப்போது அப்படி ஒரு கப்பல் பலெர்மோவுக்கு வருவது அரிது. 2023 ஜனவரியில் இத்தாலி கொண்டுவந்த சட்டப்படி, ஒரு மீட்பு முடிந்தவுடன் கப்பல் துறைமுகம் கேட்க வேண்டும், சொல்லுகிற துறைமுகத்துக்குத் தாமதம் இல்லாமல் போக வேண்டும். சொல்லுகிற துறைமுகமோ வடக்கே இருக்கும். அந்தச் சட்டத்துக்கு முன்பே இது தொடங்கிவிட்டது. 2022 டிசம்பர் 31 இல் ஓஷன் வைக்கிங் என்ற மீட்புக் கப்பல் 113 பேரோடு வட இத்தாலியின் ராவென்னாவில் போய் நின்றது. மீட்ட இடத்தில் இருந்து ஏறத்தாழ 1,600 கிலோமீற்றர், நாலு நாள் ஓட்டம். போக நாலு, வர நாலு. அந்த எட்டு நாளும், அகதிப் படகுகள் புறப்படுகிற லிபியாவுக்கு முன்னால் அந்தக் கப்பல் இல்லை. போகிற வழியில் இன்னொரு படகைக் காப்பாற்றினால் கட்டளையை மீறினாய் என்று 20 நாள் கட்டிப்போடலாம். திரும்பச் செய்தால் இரண்டு மாதம்.

படகைக் கட்டிப்போடுவது. போர்ட்டோபாலோ மீனவன் பயந்ததும் இதற்குத்தான்.

வணிகக் கப்பல்களுக்கும் இதே பாடத்தைத்தான் படிப்பிக்கிறார்கள். 2020 ஆகஸ்டில் மெர்ஸ்க் எட்டியென் என்ற எண்ணெய்க் கப்பல், மால்ட்டாவின் வேண்டுகோளின்படியே 27 பேரை எடுத்தது. எடுத்த பிறகு இறக்க ஒரு நாடும் இடம் தரவில்லை. 38 நாள் கடலிலேயே நின்றது. ஆபத்தில் இருப்பவரைக் காப்பாற்ற வேண்டும் என்று கடல் சட்டத்தில் தெளிவாகவே இருக்கிறது. ஆனால் அந்தச் செய்தியை வாசித்த இன்னொரு கப்டன் அடுத்த முறை தொலைநோக்கியை எந்தப் பக்கம் திருப்புவார்?

2022 நவம்பரில் எங்கள் சனம் 303 பேர் வியட்நாமுக்கு அங்காலே மூழ்க இருந்த கப்பலில் நின்று கத்தினார்களே, ஞாபகம் இருக்கிறதா? கார் ஏற்றிப் போகிற ஹீலியோஸ் லீடர் என்ற ஜப்பானியக் கப்பல் திரும்பி வந்து அத்தனை பேரையும் ஏற்றி வுங் தாவில் இறக்கியது. அன்றைக்குச் சங்கங்கள் எல்லாம் நன்றி அறிக்கை விட்டன. அந்தக் கப்டன் வேறு பக்கம் பார்த்திருந்தால்?

கூட்டத்தில் சொன்ன மற்றக் குற்றச்சாட்டுக்கும் மறுமொழி சொல்ல வேண்டும். மீட்புக் கப்பல் கடத்தல்காரனோடு கூட்டு என்பது. யுவென்டா என்ற மீட்புக் கப்பலை 2017 ஆகஸ்டில் இதே குற்றத்துக்காகப் பிடித்துத் திராப்பானித் துறைமுகத்தில் போட்டார்கள். ஏழு வருடம் விசாரணை. 2024 ஏப்ரலில் நீதிமன்றம் வழக்கைத் தள்ளியது. வழக்குப் போட்ட தரப்பே கைவிடச் சொல்லிக் கேட்டிருந்தது. அதற்குள் கப்பல் துருப்பிடித்துச் செத்துவிட்டது. இன்னொன்று, இத்தாலிக்குக் கடலால் வருகிறவர்களில் பெரும்பகுதியை ஏற்றி வருவது இந்தக் கப்பல்கள் இல்லை. தாங்களாகவே லம்பெடூசாவை எட்டுகிறவர்களும் இத்தாலியக் கரையோரக் காவல்படை ஏற்றி வருகிறவர்களும்தான் அதிகம். ஏஜென்சிக்காரன் அயோக்கியன் என்பதில் எனக்கு மறுப்பே இல்லை. எங்களுக்குத் தெரியாத ஏஜென்சியா? ஆனால் அவனுக்குக் காசு ஏறும்போதே கிடைத்துவிட்டது. படகு கரைசேர்ந்தாலும் மூழ்கினாலும் அவனுக்கு ஒன்றுதான்.

இப்போது துவக்குச் சூடும் வந்துவிட்டது. 2025 ஆகஸ்ட் 24 இல், மீட்ட 87 பேர் உள்ளே இருக்கும்போதே, ஓஷன் வைக்கிங் மீது லிபியக் கரையோரக் காவல் படகு ஒன்று 20 நிமிடம் சுட்டது. அந்தப் படகை லிபியாவுக்குக் கொடுத்ததே இத்தாலிதான். கடலில் நேவி சுடுவது என்றால் என்ன என்று எங்களுக்கு ஒருவரும் விளங்கப்படுத்தத் தேவையில்லை.

நான் கேட்பது பெரிய காரியம் ஒன்றும் இல்லை. திருவிழாவில் ஒரு நாள், ஆகஸ்ட் 11 ஐ ஒட்டி வருகிற நாள் என்றால் நல்லது, அன்றைய அர்ச்சனைக் காசோ உண்டியல் காசோ ஒரு மீட்புக் கப்பலுக்கு. எந்தக் கப்பல் என்று நீங்களே தெரிவு செய்யுங்கள், பற்றுச்சீட்டு வாங்கி அறிவிப்புப் பலகையில் ஒட்டுங்கள். தேருக்கு ஜேர்மனியில் இருந்து மேளம் எடுக்கிற செலவில் கால்வாசி வராது.

அப்புறம், வட இத்தாலிச் சங்கங்களுக்கு ஒன்று, கப்பல்களை வடக்கே அனுப்புவதால் அவை இப்போது உங்கள் ஊருக்குத்தான் வருகின்றன. ஜெனோவாவில் எங்கள் பிள்ளைகளுக்குத் தமிழ்ப் பள்ளி நடக்கிறது. ராவென்னாவில் கப்பல் நின்றால் பொலோஞ்ஞாவில் இருந்து ஒன்றரை மணித்தியாலம், றெஜ்ஜோ எமிலியாவில் இருந்து இன்னும் கொஞ்சம். துறைமுகத்துக்குள்ளே விடமாட்டார்கள், தெரியும். வெளியே ரெட் குரொஸ்காரரிடமும் கரித்தாஸ் என்ற கத்தோலிக்க உதவி அமைப்புக்காரரிடமும் கேளுங்கள், என்ன வேண்டும் என்று. சோறு கொண்டு ஓடாதீர்கள். அவர்களுக்குத் தேவைப்படுவது பெரும்பாலும் உள்ளாடையும் செருப்பும் சிம் கார்டும்.

பிள்ளைகளில் பலருக்கு இப்போது இத்தாலியக் குடியுரிமை இருக்கிறது, வாக்கு இருக்கிறது, எங்களை விட நல்ல இத்தாலிய மொழி இருக்கிறது. தங்கள் தொகுதி உறுப்பினருக்கு அந்த 2023 சட்டத்தைப் பற்றிக் கடிதம் எழுதச் சொல்லிக் கேளுங்கள். என் மகள் எழுதிவிட்டாள். மறுமொழி இன்னும் வரவில்லை.

"நாங்கள் வந்தது வேற" என்று சொன்ன அந்த மூத்தவருக்கும் ஒன்று. நீங்கள் விமானத்தில், விசாவோடு வந்தீர்கள். எனக்குத் தெரியும், உங்களில் பிழை இல்லை. ஆனால் உங்களுக்கு 1996 இல் தம்பி ஒருவர் இருந்ததும், அவர் கடைசியாக எகிப்தின் அலெக்சாந்திரியாவில் இருந்து போன் எடுத்ததும் எனக்குத் தெரியும். கூட்டத்தில் அதை நான் சொல்லவில்லை. இங்கேயும் இதற்கு மேல் சொல்லமாட்டேன்.

வருகிற டிசம்பர் 25 இரவு நான் போர்ட்டோபாலோ போகிறேன். மெழுகுதிரியும் கொஞ்சம் பூவும், வேறு ஏற்பாடு ஒன்றும் இல்லை. பலெர்மோவில் இருந்து காரில் ஏறத்தாழ நாலு மணித்தியாலம். காற்று கடுமையாக இருக்கும், தடித்த ஜக்கெற் வேண்டும். என் காரில் மூன்று இடம் காலியாக இருக்கிறது. அண்ணை, முன் சீற்றை உங்களுக்கு வைத்திருக்கிறேன்.

இப்படிக்கு,
பலெர்மோவில் இருந்து,
உங்கள் சங்கத்தில் சந்தா பாக்கி இல்லாத ஒரு உறுப்பினர்